அஷ்டமியன்று வார்த்ததாகச் சொல்லப்படும் தூண்

முதலில் ஒரு திருத்தம். கல்கத்தா டாலிகஞ்சில், என் வீடு எழும்பும் கட்டடத்தில், நான் சாரத்தில் ஏறவில்லை. படியில்தான் ஏறினேன், அதற்குக் கைப்பிடி இல்லாதது என் குற்றமில்லை. மேனேஜரைக் குடையால் அடிக்கவும் இல்லை. தூணில் எழுதியிருந்த ஒரு தேதியைக் குடையால் காட்டினேன். அவர் குனிந்தார், குடையின் நுனி அவர் ஹெல்மெட்டில் பட்டது. அன்று அந்தக் கட்டடத்தில் ஹெல்மெட் அணிந்திருந்த ஒரே ஆள் அவர்தான் என்பதையும் சேர்த்துச் சொல்லியிருந்தால் வதந்தி முழுமையாக இருந்திருக்கும். மூன்றாவதாக, "பாவம், புருஷன் போன துக்கம், தூணைக் கட்டிக்கொண்டு அழுதாராம்" என்று வீடு வாங்கியவர்களின் வாட்ஸ்அப் குழுவில் ஒரு பெண்மணி எழுதியிருக்கிறார். தூணைத் தொட்டேன். அழவில்லை. எனக்கு எழுபத்து நான்கு வயது. இரண்டுக்கும் வித்தியாசம் தெரியும்.

இனி நடந்ததை வரிசைப்படி எழுதுகிறேன். வெளியூரில் இருந்துகொண்டு, கட்டி முடிக்காத வீட்டை வாங்கியிருப்பவர்களுக்கு உதவும்.

என் கணவர் கல்கத்தாவின் கிடர்பூர் துறைமுகத்தில் சிவில் இன்ஜினீயர். இருபத்தொன்பது வருடம் அங்கே குவார்ட்டர்ஸில் இருந்தோம். ஓய்வு பெற்றுச் சென்னைக்கு வந்த பிறகும் அவர் மனம் இங்கே ஒட்டவில்லை. டாலிகஞ்சில் ஒரு சந்தில் ஐந்து மாடிக் கட்டடம் எழும்புகிறது, மேனேஜர் முரளி திருச்சிக்காரர், நம்மவர் என்று சொல்லி, மூன்றாம் மாடியில் ஒரு வீட்டை வரைபடத்தைப் பார்த்தே வாங்கினார். போன ஏப்ரலில் காலமானார். அந்த வீட்டில் போய்த் தனியாக இருப்பது என்று நான் முடிவு செய்துவிட்டேன். என் பிள்ளைகளுக்கு அது பிடிக்கவில்லை. அவர்களைக் கேட்டு நான் முடிவு செய்யவில்லை.

ஜனவரியில் ஒரு படிவம் வந்தது. "கட்டுமானத்தை நேரில் பார்வையிட்டேன், எனக்குத் திருப்தி" என்று அதில் அச்சடித்திருந்தது. கீழே கையெழுத்துக்கு இடம். கையெழுத்து வந்ததும் பூச்சு வேலை தொடங்கும் என்றார்கள். இருபத்துநான்கு வீட்டுக்காரர்களில் இருபத்துமூன்று பேர் உட்கார்ந்த இடத்திலிருந்தே கையெழுத்திட்டு அனுப்பிவிட்டார்கள். பார்க்காததைப் பார்த்ததாக எழுதினால் கான்வென்ட்டில் எங்களை முழங்காலில் நிற்கவைப்பார்கள். அந்தப் பழக்கம் போகவில்லை. பிப்ரவரி இரண்டாம் வாரம் கிளம்பினேன்.

சென்னையிலிருந்து ஹவுராவுக்குச் சுமார் 1,660 கிலோமீட்டர். காலை ஏழு மணி ரயில், மறுநாள் பகல் பன்னிரண்டேகாலுக்குச் சேர்ந்தது. ஒரு மணி பத்து நிமிடம் தாமதம். இரண்டாம் ஏசி, 2,740 ரூபாய். கீழ்ப் படுக்கை கேட்டு வாங்குங்கள். ஹவுராவிலிருந்து மெட்ரோ இப்போது ஆற்றுக்கு அடியில் போகிறது. பெட்டி இல்லாதவர்கள் அதில் போகலாம். நான் மஞ்சள் டாக்ஸி பிடித்தேன், கரியாஹாட் வரை 380 ரூபாய். விடுதி ஓர் இரவுக்கு 1,600. "லிஃப்ட் உண்டு" என்று போட்டிருந்தார்கள். உண்டு, ஓடாது. வெந்நீரைக் குறைசொல்ல மாட்டேன்.

மறுநாள் காலை எட்டரைக்குப் புறப்பட்டேன். கரியாஹாட்டிலிருந்து ராஷ்பிஹாரி சந்திப்புக்கு ஷேர் ஆட்டோ 12 ரூபாய், அங்கிருந்து டாலிகஞ்ச் மெட்ரோவுக்கு 15. ஐம்பது ரூபாய்த் தாளை நீட்டாதீர்கள், சண்டை வரும். இரண்டாவது ஆட்டோவில் நான் சரியான சில்லறையை எடுத்து வைத்ததும் ஓட்டுநர் திரும்பிப் பார்த்தார்.

"குச்ரோ கையில வச்சிருக்கீங்களே! மாசிமா நம்ம ஊர்தான் போல" என்றார். பேச்சு வங்காளியில்தான், நான் தமிழில் எழுதுகிறேன். குச்ரோ என்றால் சில்லறை, மாசிமா என்றால் பெரியம்மா.

"இருந்தேன். திரும்ப வரப்போகிறேன். இங்கே வீடு கட்டுகிறார்கள்."

"இங்கயா? நான் சின்னப் பையனா இருந்தப்போ இதெல்லாம் குளம். நீச்சல் அடிச்ச இடத்துல எல்லாம் இப்ப ஃபிளாட். உங்க வீட்டுல தண்ணிக் கஷ்டம் வராது மாசிமா, தரையிலேருந்தே வரும்!"

ஆட்டோவில் இருந்த மற்ற மூவரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மெட்ரோவிலிருந்து சந்துக்கு 900 மீட்டர். என் நடையில் பதினான்கு நிமிடம். நடைபாதையில் பாதியை மணல் குவியலும் மீதியைக் கம்பிக் கட்டும் பிடித்திருந்தன. ஒவ்வொரு மூன்றாவது மனையிலும் ஒரு கட்டடம் பச்சை வலையைப் போர்த்திக்கொண்டு நிற்கிறது. நாடு வளர்கிறது என்று எல்லோரும் சொல்கிறார்கள். வளர்க்கிறவர்கள் முர்ஷிதாபாதிலிருந்தும் மால்டாவிலிருந்தும் வந்து, ஜன்னல் வைக்காத தரைத்தளத்தில் தார்ப்பாய் கட்டித் தூங்குகிறார்கள். ரப்பர் செருப்போடு ஐந்தாம் மாடி விளிம்பில் நிற்கிறார்கள்.

முரளி வாசலில் காத்திருந்தார். நாற்பத்தைந்து வயது, இஸ்திரி கலையாத சட்டை.

"என்னம்மா, இந்த வயசுல இவ்ளோ தூரம் வரணுமா? ஒரு மெசேஜ் போட்டிருந்தா போட்டோ அனுப்பியிருப்பேன்ல?"

"போட்டோவில் நீங்கள் காட்டுவதைத்தான் பார்க்க முடியும்."

"ஐயா மாதிரியே பேசுறீங்க" என்று சிரித்தார்.

படியேறும்போது மணலைப் பற்றிக் கேட்டேன். கையில் எடுத்துக் கசக்கினால் மண் ஒட்டியது. "அதெல்லாம் நம்ம கையில இல்லம்மா. இந்த ஏரியாவுல யாருகிட்ட மணல் எடுக்கணும், யாருகிட்ட ஜல்லி எடுக்கணும்னு பசங்க ஒரு லிஸ்ட் வச்சிருக்காங்க. வேற யாருகிட்டயாவது வாங்கினா லாரி உள்ள வராது" என்றார். மழை பெய்கிறது என்று சொல்வதுபோல் சொன்னார்.

மூன்றாம் மாடியில் என் வீடு. தெருப்பக்கம் ஹால், அதன் மூலையில் ஒரு தூண். செங்கல் சுவர்கள் எழும்பியிருந்தன. எதற்கும் பூச்சு இல்லை. ஒவ்வொரு தூணிலும் சிவப்புப் பெயின்டில் ஒரு தேதி இருந்தது.

இது தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். காங்கிரீட் வார்த்த நாளை அதன் மேலேயே எழுதி வைப்பது இந்தத் தொழிலின் வழக்கம். அந்த நாளிலிருந்துதான் எத்தனை நாள் தண்ணீர் ஊற்ற வேண்டும், எப்போது அதன் மேல் பாரம் ஏற்றலாம் என்று எண்ணுவார்கள். என் கணவர் அதைத் தூணின் பிறந்த தேதி என்பார். தேதி இல்லாத தூணை உடைக்கச் சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து நிம்மதியாகச் சாப்பிட்டவர் அவர்.

இங்கே எல்லாத் தேதிகளும் ஒரே கையெழுத்தில், ஒரே புதுப் பெயின்டில் இருந்தன.

"பழைய மார்க்கிங் அழிஞ்சு போச்சும்மா. நீங்க வர்றீங்கன்னு ரிஜிஸ்டர் பாத்துத் திரும்ப எழுதச் சொன்னேன்" என்றார் முரளி. எனக்கு மரியாதை செய்வதாகவே நினைத்தார்.

மூலைத் தூணின் தேதியைப் படித்தேன். போன வருடத்துக்கு முந்தைய துர்கா பூஜையின் அஷ்டமி, கல்கத்தாவே வேலையை நிறுத்தும் நாள். அப்போதுதான் குடை, ஹெல்மெட் எல்லாம்.

"அன்று இங்கே காங்கிரீட் போட்டீர்களா?"

"ரிஜிஸ்டர்ல இருக்கும்மா. வாங்க, காட்டுறேன்."

காட்டினார். தூண், அஷ்டமி. அதற்கு மேல் கூரை, காங்கிரீட் முழு பலம் பெறும் இருபத்தெட்டாம் நாள். சோதனைக்கு எடுத்த காங்கிரீட் கட்டிகள்கூட அஷ்டமியன்று எடுத்ததாகவே பதிவு. கணக்கு அழகாக இருந்தது.

முரளி கல்கத்தாவுக்கு வந்து ஆறு வருடம் ஆகிறது. ஒவ்வொரு பூஜைக்கும் லீவு போட்டுத் திருச்சிக்குப் போய்விடுவார். அவர் கணக்கில் அது ஆயுத பூஜைக்கு முதல் நாள்; வேலை நாள். இந்த ஊரில் ஒரு பூஜையையாவது பார்த்த எவரும் கூரை வார்த்த தேதியிலிருந்து காலண்டரில் பின்னோக்கி எண்ணும்போது அந்த நாளில் விரலை நிறுத்தியிருக்க மாட்டார்கள்.

கீழே இறங்கி, சந்து முனை டீக்கடைக்குப் போனேன். மண் குவளையில் டீ பத்து ரூபாய், நன்றாக இருந்தது. கடைக்காரர் மிட்டு-தி, அதாவது மிட்டு அக்கா, ஐம்பது வயதுப் பெண்மணி. என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டார்.

"ஐயா வரலையா, மாசிமா?"

சொன்னேன். அடுப்பைத் தணித்தார். பிறகு, "அந்த பூஜையில நான்தானே உங்க ரெண்டு பேரையும் போட்டோ எடுத்தேன்" என்றார்.

அது உண்மை. அஷ்டமி மாலை இருவரும் வீட்டைப் பார்க்க வந்தோம். சந்தை அடைத்துப் பந்தல். கட்டட வாசலில் பூட்டு. உள்ளே போக முடியாமல் பந்தல் மூங்கிலைப் பிடித்தபடி நின்றோம்.

"அந்தப் பூஜைக்குப் பிறகு இங்கே லாரி எப்போது நுழைய ஆரம்பித்தது?"

"லாரியா! சைக்கிள் ரிக்‌ஷாகூட நுழையல. காளி பூஜைக்கும் அதே மூங்கில்தானே, பூஜை நடத்துற கிளப்காரங்க அது முடியறவரைக்கும் பிரிக்கவே மாட்டாங்க. என் பால் கேனை நானே தூக்கிட்டு வந்தேன். மிஸ்திரிங்க எல்லாம் ஊருக்குப் போயாச்சு, டீ குடிக்க ஆள் இல்ல."

காளி பூஜை நம் தீபாவளியை ஒட்டிய அமாவாசையில், அஷ்டமியிலிருந்து இருபத்திரண்டாம் நாள். பந்தல் பிரிக்க இன்னும் இரண்டு நாள். இருபத்தெட்டாம் நாள் கூரை. தூணுக்குக் கிடைத்தது அதிகம் போனால் நான்கு நாள்.

பெஞ்சில் உட்கார்ந்து போனில் அந்தப் படத்தைத் திறந்தேன். பதினாறு மாதங்களாக அதில் அவர் முகத்தை மட்டுமே பார்த்து வந்திருக்கிறேன். இப்போது முதல்முறையாக அவர் தலைக்கு மேல் பார்த்தேன். இரண்டாம் மாடிக் கூரைக்கு மேலே, மூலையில், வெறும் கம்பிகள் வானத்தில் நின்றன. அவர் கையும் அங்கேதான் நீண்டிருந்தது. "அந்தக் கம்பி இருக்கு பார், அதுதான் நம்ம ஹால் மூலை" என்று எனக்குக் காட்டிக்கொண்டிருந்தார். படத்தின் நேரம் மாலை ஐந்து பத்து.

மறுபடி மேலே ஏறி முரளியிடம் காட்டினேன்.

"போன்ல தேதி தப்பா இருக்கலாம்மா."

"பந்தலும் தப்பா?"

வெகுநேரம் பார்த்தார். "ஒரு தேதிக்காக இவ்ளோ தூரமா? பில்டிங் ஸ்ட்ராங்மா. நான் சொல்றேன்ல, நம்புங்க."

"எழுதித் தாருங்கள்."

"எழுத்துல எல்லாம் வேண்டாமே. நமக்குள்ள எதுக்கு?"

போன் அடித்தது, வெளியே போனார். அங்கே வேலை செய்துகொண்டிருந்த முப்பது பேரில் ஒருவர் என் பக்கத்தில் வந்தார். அவர்களில் பலரைப் போலச் சென்னையில் கட்டட வேலை பார்த்தவராம். கொஞ்சம் தமிழ் தெரியும். "அம்மா, என்னைக் கேக்காதே. வேலை போயிடும்" என்றார். பிறகு கையிலிருந்த சுத்தியலால் அடுத்த தூணைத் தட்டினார். மணிபோல ஓசை வந்தது. மூலைத் தூணின் கீழ்ப்பகுதியில் சிமென்ட் பூசி அடைத்த இடத்தைத் தட்டினார். காலி மரப்பெட்டியைத் தட்டியதுபோல் இருந்தது. "நான் ஒண்ணும் சொல்லல, அம்மா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவர் யாரென்று தேட வேண்டாம். தட்டியது நானே என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அப்போதுதான் தூணில் கை வைத்தேன். படத்தில் என் கணவர் கை நீட்டிக் காட்டிய இடம். அவ்வளவுதான்.

அந்தத் தூண் விழுந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. எனக்குத் தெரியாது. அவர்களுக்கும் தெரியாது, என் குற்றச்சாட்டே அதுதான். இந்த நாட்டில் எவ்வளவோ உயரமாகவும் வேகமாகவும் கட்டக் கற்றுக்கொண்டோம். எழுதி வைப்பது மட்டும், யாராவது பார்க்க வருகிறார்கள் என்றால் முதல் நாள் பெயின்ட் அடிப்பது என்றாகிவிட்டது. மணலுக்கு ஒரு லிஸ்ட், தேதிக்கு ஒரு காலண்டர், வாங்குகிறவருக்கு ஒரு "நம்புங்க".

போகிறவர்களுக்கு: பூச்சுக்கு முன் போங்கள், பிறகு போய்ப் பயனில்லை. காலை ஒன்பதுக்குள் சேருங்கள். தட்டையான செருப்பு, டார்ச், ஒரு சிறு சுத்தியல். தூண்களின் தேதியையும் ரிஜிஸ்டரையும் படமெடுங்கள். ஊர்த் திருவிழாக் காலண்டரோடு ஒப்பிடுங்கள். டீக்கடையில் உட்காருங்கள். போக வர, நான்கு இரவுத் தங்கல், சாப்பாடு எல்லாம் சேர்த்து எனக்கு 15,300 ரூபாய் ஆனது.

படிவத்தில் நான் கையெழுத்திடவில்லை. இருபத்துநான்காவது கையெழுத்து இல்லாததால் பூச்சு வேலை நின்றிருக்கிறது, குழுவில் எல்லோருக்கும் என்மேல் கோபம். அந்தத் தூண் என் ஹாலில் மட்டும் அல்ல, நான்காம் ஐந்தாம் மாடிக்காரர்களின் காலுக்குக் கீழேயும் இருக்கிறது என்பதை அவர்கள் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது.

முரளி, நீங்கள் இதைப் படிப்பீர்கள் என்று தெரியும். என் ஹால் மூலைத் தூண் உண்மையில் எந்த நாளில் வார்க்கப்பட்டது, அதைத் துளையிட்டுச் சோதிக்க எப்போது ஆள் வருவார்கள் என்ற இரண்டு கேள்விகளுக்கும் பதில் வேண்டும். போனில் வேண்டாம். தயவுசெய்து, தேதியிட்டு, கையெழுத்திட்டு, எழுத்தில் அனுப்புங்கள்.