ஞானத்தாயின் கையெழுத்து

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எழுத்து கோணலும் மாணலுமாகத்தான் வரும். ஒன்றை எழுதிக்கொண்டிருக்கும்போதே அடுத்தது மறந்துபோகிறது. மறந்தது நினைவுக்கு வரும்போது அதை எழுத வேண்டிய இடம் தாண்டிவிடுகிறது. படிக்கிறவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும். பேச வாய் வராதவள் என்று ஊரில் என்னைச் சொல்வார்கள். அது சரிதான். எழுதும்போது யாரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை என்பதால் கொஞ்சம் தைரியமாக இருக்கிறது.

என் மகளுக்கு இங்கிலாந்தில் மேற்படிப்புக்கு இடம் கிடைத்தது. அவள் எனக்கு நாற்பதை நெருங்கும் வயதில் பிறந்தவள். ஒரே பிள்ளை. துறைமுகத்தில் வேலை பார்த்த அவள் அப்பா இறந்து ஆறு வருடமாகிறது. திரேஸ்புரத்தில் இரண்டு அறை வீட்டில் நானும் அவளும்தான். சிப்பி, பவளம் என்று கடலுக்கு அடியில் கிடப்பதைப் பற்றியதுதான் அந்த மேற்படிப்பு.

"அதுக்கு இங்கன இல்லாத கடலா அங்கன கெடக்கு?" என்று கேட்டேன்.

"கடல் ஒண்ணுதாம்மா. சொல்லிக் குடுக்கவங்கதான் அங்கன இருக்காங்க" என்றாள்.

இடம் கொடுத்த கடிதம் தவக்காலத்தில் வந்தது. அதன்பிறகு இன்னொரு பேப்பருக்காகக் காத்திருந்தாள். நம் ஊர் நேரத்துக்கு மத்தியானம் ஒன்றரை மணிக்குத்தான் அந்த ஊரில் ஆபீஸ் திறக்குமாம். அதனால் எங்கள் வீட்டில் சாப்பாட்டு நேரம் முழுவதும் போனைப் பார்க்கிற நேரமாகிவிட்டது. ஒரு வாய் சோறு, ஒரு தரம் போன். மீனில் முள் எடுக்காமல் வாயில் போட்டு இரண்டு தரம் தொண்டையில் குத்திக்கொண்டாள். ஜூலைக் கடைசியில் வரும் மாதா கோயில் கொடியேற்றத்துக்கு இரண்டு வாரம் இருக்கும்போதும் ஒன்றும் வரவில்லை.

அன்று தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, "கேஸ் இன்னும் வரலம்மா" என்றாள்.

"என்னளா சொல்லுதே? முந்தாநாள்தானே சிலிண்டர் மாத்துனோம்?"

அவள் என்னைப் பார்த்தாள். பிறகு சிரிக்க ஆரம்பித்தாள். எத்தனையோ நாளுக்குப் பிறகு சிரித்தாள் என்று எனக்கும் சந்தோஷம்தான். ஆனால் மதிலுக்கு அந்தப் பக்கம் துணி காயப்போட்டுக்கொண்டிருந்த அடுத்த வீட்டுக்காரியிடமும் கூப்பிட்டுச் சொல்லிவிட்டாள். "அக்கா, லண்டன்ல இருந்து எங்க அம்மைக்கு சிலிண்டர் வருதாம்!" எனக்குக் காது சுட்டது.

"அது அடுப்பு கேஸும்மா. இது வேற கேஸு. ஸ்பான்சர் குடுக்குற பேப்பர். அது இருந்தாத்தான் விசாவுக்கே எழுதிப்போட முடியும். ஸ்பான்சர் தராட்டி நான் இங்கனயே கெடக்க வேண்டியதுதான்."

ஸ்பான்சர் என்றால் யார் என்று நான் கேட்கவில்லை. இன்னொரு தரம் சிரிப்பாளோ என்ற கூச்சம் ஒன்று. கேட்கத் தேவையும் இல்லை என்று நினைத்தேன். அந்தச் சொல் எனக்குத் தெரியும்.

அவளை ஒன்றாம் வகுப்பில் சேர்க்கக் கன்னியர் மடத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போனபோது ஞானஸ்நானச் சீட்டைக் கொண்டுபோயிருந்தேன். எங்கள் பங்கில் அந்தச் சீட்டு அப்போது இங்கிலீஷில் இருந்தது. மேசைக்குப் பின்னால் இருந்த சிஸ்டர் ஒவ்வொரு வரியாக வாசித்தார். பிள்ளை பேர், அப்பா பேர், அம்மா பேர். அதற்குக் கீழே ஒரு வரியை வாசித்து, "ஸ்பான்சர்ஸ்னு ரெண்டு பேர் போட்டிருக்கே, யாரும்மா இவங்க?" என்றார். நான் சீட்டை எட்டிப் பார்த்தேன். "ஞானஸ்நானத்துல பிள்ளையை ஏந்துற ஞானத்தகப்பன், ஞானத்தாய். இங்கிலீஷ்ல ஸ்பான்சர்னு சொல்றது" என்று அவரே சொல்லிக்கொடுத்தார். எனக்குத் தெரிந்த இங்கிலீஷ் சொற்கள் கொஞ்சம்தான். அதனால் தெரிந்துகொண்டதை விட்டுவிடுவதில்லை.

ஞானத்தகப்பன் என் அண்ணன். அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். மீதி இருந்தது ஞானத்தாய் ஒருத்தி. அவளோடு எனக்குப் பதினேழு வருடமாகப் பேச்சு இல்லை.

மகள் சொன்னதைக் கேட்டதும் நான் பயந்தது அதனால்தான். பேசாத என் வாய் செய்த வினை என் பிள்ளையின் பேப்பரில் வந்து நிற்கிறது என்று நினைத்தேன்.

ஞானத்தாயும் நானும் கல்யாணத்துக்கு முன்னால் இறால் கம்பெனியில் எதிரும் புதிருமாக உட்கார்ந்து இறால் தலை கிள்ளினவர்கள். ஐஸுக்குள் கையை விட்டு விட்டு விரல் மரத்துப்போகும்போது, அவள் என் கையைப் பிடித்துத் தன் கக்கத்தில் வைத்துச் சூடாக்குவாள். நான் பேச வேண்டியதையும் சேர்த்து அவளே பேசுவாள். சூப்பர்வைசரிடம் எனக்கு லீவு கேட்பதுகூட அவள்தான். பிறகு அவள் புன்னைக்காயலுக்கு வாழ்க்கைப்பட்டுப் போனாள். எனக்குப் பிள்ளை இல்லாத வருடங்களில் மாதம் ஒரு தரமாவது பஸ் ஏறி வந்து என்னோடு இருந்துவிட்டுப் போவாள். பிள்ளை பிறந்ததும் அவள்தான் ஞானத்தாய், வேறு யாரையும் யோசிக்கவே இல்லை.

எங்கள் பக்கத்தில் பிள்ளை புதுநன்மை, அதாவது முதல் நற்கருணை, வாங்கும்போது வெள்ளைக் கவுனும் முக்காடும் எடுத்துக் கொடுப்பது ஞானத்தாய்தான். என் மகள் புதுநன்மை வாங்குவதற்கு முந்திய மாதம் புன்னைக்காயலில் அவள் வீட்டுப் படகு காற்றில் அடிபட்டுக் கிடந்தது. அவளிடமிருந்து ஒரு தகவலும் இல்லை. முந்தின நாள் சாயங்காலம் வரை பார்த்தேன். அவள் வரமாட்டாள், வர முடியாமல் சங்கடப்படுகிறாள் என்று நானே முடிவு செய்து, கடையில் ஒரு கவுன் வாங்கி வந்துவிட்டேன். மறுநாள் பூசை தொடங்குகிற மூன்றாம் மணி அடிக்கும்போது அவள் கோயில் வாசலில் வந்து நின்றாள். கையில் ஒரு பை. பிள்ளைகள் வெள்ளை உடுப்பில் வரிசையாக நின்றார்கள். என் மகளும் நின்றாள். வாசலில் நின்றவள் அதைப் பார்த்தாள். பின் வரிசையில் உட்கார்ந்து பூசை கண்டாள். பூசை முடிந்து நான் திரும்பும்போது ஆள் இல்லை. பஸ் ஸ்டாண்டு வரைக்கும் ஓடிப்போய்க் கூப்பிட்டிருந்தால் வந்திருப்பாள். கூப்பிட எனக்கு வாய் வரவில்லை. நாளைக்குப் போகலாம், அடுத்த வாரம் போகலாம் என்று இருந்து பதினேழு வருடம் ஓடிவிட்டது.

மகள் கேஸ் வரவில்லை என்று சொன்னதற்கு மறுநாள் காலையில், அவள் கம்ப்யூட்டர் சென்டர் வேலைக்குப் போனதும், சோற்றை வடித்து மூடிவைத்துவிட்டுப் பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன். புன்னைக்காயல் பஸ்ஸில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்தேன். உப்பளம் தாண்டி, ஆத்தூர் வெற்றிலைக்கொடி தாண்டிப் போகும் வரை என்ன பேசுவது என்று மனதுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன். இறங்கும்போது எல்லாம் மறந்துவிட்டது.

வீட்டைக் கேட்டுக் கண்டுபிடித்தேன். அவள் வாசலில் நாற்காலியில் உட்கார்ந்து, காலை நீட்டி முழங்காலுக்குத் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தாள். முடி முழுக்க வெள்ளை. என்னைப் பார்த்ததும் கை நின்றது.

"ஏளா, புன்னக்காயலுக்கு இன்னைக்குத்தான் பஸ் விட்டானா?" என்றாள்.

நான் நின்றுகொண்டே இருந்தேன்.

"வாயத் தொறக்க மாட்டியே. உள்ள வா. வெயில்ல நின்னு விழுந்து வச்சேன்னா தூக்க எனக்கு முட்டு இல்ல."

அவள் மருமகள் தண்ணீர் கொண்டுவந்தாள். பி.ஏ. படித்த பெண். தண்ணீரைக் குடித்துவிட்டு, ஒரே மூச்சில் சொன்னேன். "பிள்ளைக்கு இங்கிலாந்துல படிக்க எடம் கெடச்சிருக்கு. ஸ்பான்சர் பேப்பர் வேணுமாம். ஞானத்தாய் கையெழுத்து போட்டாத்தான் விசாவாம்."

அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். தைலக் கையை முந்தானையில் துடைத்தாள்.

"கேக்கத்தானே செய்வான்? அங்கனயும் வேதக்காரங்கதானே" என்றாள். "பிள்ளைக்குத் தண்ணி ஊத்தயில யார் கையில இருந்துச்சு? சாத்தானை விட்டுவிடுகிறாயான்னு சாமியாரு கேட்டாரு. பேசத் தெரியாத பச்சப் பிள்ள, அதுக்கு நான்தானே விட்டுவிடுகிறேன்னு சொன்னேன்? நான் போடாம யாரு போடுவா? ஏளா மருமவளே, வெள்ளைத் தாளு எடு. இதையெல்லாம் எழுது."

"சாத்தானையும் எழுதணுமா அத்தே?" என்று மருமகள் கேட்டாள்.

"அதத்தான் முதல்ல எழுதணும்."

மருமகள் எழுத ஆரம்பித்தாள். யுனிவர்சிட்டி பேர் என்ன, பாஸ்போர்ட்டில் பிள்ளை பேருக்கு ஸ்பெல்லிங் என்ன என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. என் போனை வாங்கி மகளைக் கூப்பிட்டு ஸ்பீக்கரில் போட்டாள்.

"ம்மா, எங்க போன நீ? சோறு மூடிக் கெடக்கு, ஆளக் காணும். நான் பதறிட்டு நிக்கேன்."

"புன்னக்காயல்ல இருக்கேன்."

"அங்கன என்ன?"

"ஸ்பான்சர் கையெழுத்து வாங்க வந்தேன். ஒன் ஞானத்தாயிட்ட. மாமாதான் இல்லையே, இவதானே இருக்கா."

மகள் மெதுவாகச் சொன்னாள். "ம்மா, ஸ்பான்சர்னா யுனிவர்சிட்டிம்மா. என்னைக் கூப்பிடுறது அவங்க, அதனால அவங்கதான் ஸ்பான்சர். அவங்கதான் பேப்பர் தரணும். வேற யாரும் கையெழுத்து போட வேண்டாம்."

மருமகள் பேனாவோடு தலையைக் குனிந்துகொண்டாள். ஞானத்தாய் மட்டும் சிரித்தாள். இருமல் வரும் அளவுக்குச் சிரித்தாள்.

"கேட்டியா கதைய! பிள்ளையக் கையில ஏந்துனவ ஸ்பான்சர் இல்லையாம். மொகம் தெரியாத காலேஜு ஸ்பான்சராம்!"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். அவள் சிரிப்பை நிறுத்தினாள்.

"அப்ப இந்தப் பேப்பர் இல்லாட்டி நீ வந்திருக்க மாட்டே" என்றாள்.

அதற்கு நான் பதில் சொல்லியே ஆக வேண்டும். யாரும் எனக்காகச் சொல்லப் போவதில்லை. "அன்னைக்கு நீ வரமாட்டேன்னு நெனச்சுட்டேன்ளா" என்றேன்.

"கவுன் கெடக்கட்டும். கவுனு எந்தக் கடையிலயும் இருக்கு. நான் வரமாட்டேன்னு நீ நெனச்ச பாரு, அதத்தான் என்னால தாங்க முடியல" என்றாள்.

போன் இன்னும் ஓடிக்கொண்டிருந்ததை அப்போதுதான் பார்த்தோம். "பெரியம்மாட்ட குடும்மா" என்றாள் மகள். ஸ்பீக்கரை அணைத்துவிட்டு ஞானத்தாய் போனைக் காதில் வைத்துக்கொண்டாள். நான் கொல்லைப் பக்கம் போய்விட்டேன். இரண்டு பேரும் என்ன பேசினார்கள் என்று இன்றுவரை என்னிடம் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை.

எழுதத் தொடங்கின கடிதத்தை ஞானத்தாய் நிறுத்தவிடவில்லை. "வந்தது வந்துட்டா, வெறுங்கையோட அனுப்பக் கூடாது" என்று மருமகளை முழுவதும் எழுத வைத்து, கீழே தன் பெயரை ஒவ்வொரு எழுத்தாக நிறுத்தி நிறுத்திப் போட்டாள். கணவாய்க் குழம்போடு சோறு போட்டாள். நான் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

யுனிவர்சிட்டி தர வேண்டிய பேப்பர் ஒன்பது நாள் கழித்து வந்தது. பேப்பர் என்று நான்தான் சொல்கிறேன். போனில் ஒரு நம்பர்தான் வந்திருந்தது.

"கையெழுத்து எங்க?"

"இல்லம்மா."

"சீலு?"

"நம்பர்தாம்மா எல்லாம். இத விசாவுல போட்டாப் போதும்."

என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதாள். நானும் அவள் முதுகைத் தடவினேன். அந்தப் பேப்பருக்காக மாதாவுக்கு எத்தனை மெழுகுவர்த்தி ஏற்றியிருப்பேன். வந்த அன்று ராத்திரி ஜெபம் சொல்ல உட்கார்ந்தபோது, நன்றி என்ற சொல் வாயில் வரவே இல்லை. கொடுத்ததைத் திரும்ப எடுத்துக்கொள் என்று கேட்டுவிடுவேனோ என்று பயந்து, சீக்கிரமாக எழுந்துவிட்டேன். இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

மகள் போகிற நாளில் முதல் பஸ்ஸிலேயே ஞானத்தாய் வந்துவிட்டாள். பெட்டியை இரண்டு தரம் திறந்து ஊறுகாய் பாட்டில் இறுக மூடியிருக்கிறதா என்று பார்த்தாள். "அங்கன போய் வெள்ளக்காரனுக்குக் கருவாடு வறுத்துப் போட்டுறாத, திருப்பி அனுப்பிருவான்" என்று சொல்லிப் பிள்ளையைச் சிரிக்க வைத்தாள். கார் வந்ததும் மகள் முழங்காலில் நின்றாள். "நீ போடுளா மொதல்ல" என்று அவள் என்னைத் தள்ளினாள். மகள் நெற்றியில் சிலுவை போட்டேன். மேலிருந்து கீழே போட்டுவிட்டு, குறுக்கே போட வேண்டிய இடத்தில் என் பெருவிரல் நின்றுவிட்டது. போட்டுவிட்டால் எழுந்துவிடுவாள். ஞானத்தாய் என் கையைப் பிடித்துக் குறுக்கே இழுத்து முடித்து வைத்தாள்.

கார் போன பிறகு அவள் நான்கு நாள் எங்கள் வீட்டில் இருந்தாள். இப்போதும் மாதம் ஒரு தரம் வருகிறாள், இல்லையென்றால் நான் போகிறேன். கிடைத்தது பெரிது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் மீன் வாங்கப் போனால் இரண்டு பேருக்குத்தான் கை எடுக்கிறது. பூசையில் பக்கத்து இடத்தில் யாராவது வந்து உட்கார்ந்தால், நகர்ந்து உட்காரச் சொல்ல வேண்டும் போல வருகிறது. மகள் தினமும் பேசுகிறாள். முகம் தெரிகிறது. தலையில் எண்ணெய் இல்லை என்பதும் தெரிகிறது. தெரிந்து என்ன செய்ய.

இதில் தப்பு நிறைய இருக்கும். பேப்பர் ஒன்பது நாளில் வந்ததா, பதினொரு நாளிலா? அந்த நம்பரில் எழுத்தும் கலந்திருந்ததா? மகள் இருக்கிற ஊரின் பேரை எழுதப் பார்த்தேன், வராததால் விட்டுவிட்டேன். இதையெல்லாம் என் மகள்தான் சரிபார்க்க வேண்டும். போனில் வாசித்துக் காட்டச் சொல்லுகிறாள். மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். லீவு விடும்போது வந்து, இந்தத் தாளைக் கையில் வாங்கி, எந்த வரி தப்பு என்று என் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லட்டும். அதுவரைக்கும் படிக்கிறவர்கள் இதை அப்படியே வைத்துக்கொள்ளுங்கள்.