பலிபீடத்தின் பின்புறம்

கோயில் கட்டடங்களையும் சிலைகளையும் பற்றி எழுதப் படித்தவர்கள் இருக்கிறார்கள். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். அதிலும் இது என் சமயத்துக் கோயில் அல்ல. பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கண்டதை மட்டும் எழுதுகிறேன்.

எண்பத்தாறில் ஜெர்மனியில், வுப்பர்டாலுக்குக் கிட்ட ஒரு சிற்றூர் அகதி முகாமில் இருந்தேன். அகதி வழக்குக்கு முடிவு வரவில்லை. வாரத்தில் சில நாட்கள் எங்களை ஊர் வேலைக்கு அனுப்புவார்கள். எனக்குக் கிடைத்தது பழைய கத்தோலிக்கத் தேவாலயத்தைத் துப்புரவாக்கும் வேலை. என்னோடு வந்தவர் யாழ்ப்பாணத்துக் குருநகர்க்காரர், கத்தோலிக்கர், நல்ல பருமன்.

தேவாலயம் வெளியே கறுத்த கல். உள்ளே தூண்கள் மேலே போய்க் கிளைவிட்டு, கூரையில் ஒன்றோடொன்று பின்னிக்கொள்ளும். அந்த வளைவுகளுக்கிடையில் பச்சைக் கொடிகள் வரைந்திருந்தார்கள். பலிபீடத்தின் மேல் அலமாரி போன்ற பெரிய மரவேலை, இரண்டு கதவுகளோடு. நடுவில் மாதா, இரு பக்கமும் பொன் பூசிய புனிதர்கள். ஒரு பெண் கையில் சின்னக் கோபுரம் வைத்திருந்தாள். அவளுடைய உடுப்பின் மடிப்புகளைப் பார்த்தால் மரம் என்று நம்ப முடியாது.

ஒரு வியாழக்கிழமை, தேவாலயத்தைப் பராமரிக்கும் ஜெர்மன் அம்மா என்னிடம் ஒரு தூரிகையைத் தந்து, அந்த மரவேலையின் பின்னால் போய்த் தூசி தட்டும்படி கை காட்டினார். சுவருக்கும் அதற்கும் இடையே ஒல்லியான ஆள் ஒருவர் நுழையலாம். நான் பலிபீடப் படியிலேயே நின்றுவிட்டேன்.

"என்னண்ணை, நிக்கிறியள்?" என்றார் குருநகர்க்காரர்.

"எனக்கு ஏலாது. அது மூலஸ்தானமெல்லோ. ஐயர்மார் போற இடம்."

"நாங்கள் சின்னனில எங்கட கோயில் பலிபீடத்துக்குப் பின்னாலதான் ஒளிச்சு விளையாடினது."

"நீங்கள் வேதக்காரர். நீங்களே போங்கோவன்."

"நான் போனால் வெளியில எடுக்கக் கிரேன் வேணும்." பிறகு குரலைத் தாழ்த்தினார். "மாதா கடிச்சால் நான் பொறுப்பு. இந்த ஜெர்மன் அம்மா தன்ர பேப்பரில, 'வேலை செய்யமாட்டன் எண்டவர்' எண்டு எழுதினால், அதுக்கு நான் பொறுப்பில்லை."

அம்மா ஒவ்வொரு மாலையும் எங்கள் வேலையைப் பற்றி ஒரு தாள் நிரப்பி முகாம் அலுவலகத்துக்கு அனுப்புவார். அப்படி ஒரு வரி எழுதினால் என் வழக்கு என்னாகும் என்று பயந்தேன். அம்மா மணிக்கூட்டைப் பார்த்தார். காரணம் சொல்ல எனக்கு ஜெர்மன் போதாது.

சப்பாத்தைக் கழற்றிவிட்டு உள்ளே போனேன். கல் ஐஸாக இருந்தது. பின்பக்கத்தில் பொன் இல்லை, நிறம் இல்லை. புனிதர்களின் முதுகைத் தோணிபோலக் குடைந்திருந்தார்கள். உளி போன தடம் வரிவரியாக அப்படியே கிடந்தது. மரம் வெடிக்காதிருக்கத்தான் அப்படிக் குடைவது என்று பிறகு அறிந்தேன். அன்று, பார்க்கக் கூடாததைப் பார்த்தது போலக் கூச்சமாக இருந்தது. முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி, ஒரு கையால் தடவித் தடவியே தூரிகையால் தூசியைத் தட்டினேன். மாதாவின் முதுகு வந்தபோது மட்டும் மன்னிக்கச் சொல்லிக் கேட்டேன், தமிழில்.

வெளியே வந்ததும் அம்மா உள்ளே எட்டிப் பார்த்தார், தலையை ஆட்டினார், தாளில் ஏதோ எழுதினார். குருநகர்க்காரர் எழுத்துக்கூட்டி வாசித்துவிட்டு, "வேலை முடிஞ்சுது எண்டுதான் இருக்கு" என்றார்.

மறுநாள் எங்கள் இருவரையும் மெழுகுதிரித் தட்டுகளைச் சுரண்ட விட்டார்கள்.