கமென்ஸ்மென்ட் என்றால் தொடக்கம்

பெண் பார்க்கப் போன இடத்தில், கேசரித் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு அண்ணன் கேட்ட அந்தக் கேள்வி இன்னும் என் காதில் இருக்கிறது. சேலையூரில் ஒரு மாடி வீடு. பெண்ணின் அப்பா பெருமையாக, "பொண்ணு பி.காம். சார், போன வருஷம்தான் பாஸ் அவுட் ஆனா" என்றார். அண்ணன் முகத்தில் துளிச் சிரிப்பு இல்லாமல், "அடடா, இப்ப மயக்கம் தெளிஞ்சிடுச்சா?" என்றார். அம்மா அவர் தொடையில் கிள்ளினாள். மனிதர் அத்தோடு விட்டாரா என்றால், அதுதான் இல்லை. பாஸ் அவுட் என்றால் மயங்கி விழுவது, படிப்பை முடித்தவர்கள் கிராஜுவேட் ஆவார்கள், பட்டாளத்தில் பயிற்சி முடித்தவர்கள் வேண்டுமானால் அப்படிச் சொல்லிக்கொள்ளலாம் என்று விளக்கம் வேறு. அந்தப் பெண் குனிந்த தலை நிமிராமல் கேட்டுக்கொண்டிருந்தது. மறுநாள் தரகர் வந்து, "சார், உங்களுக்கு நாக்குல சனி" என்று சொல்லிவிட்டுப் போனார். அந்தச் சம்பந்தம் அதோடு போயிற்று. பின்னால் வந்தவையும் ஏதேதோ காரணத்தால் தட்டிப்போயின.

அண்ணனைச் சொல்லியும் குற்றமில்லை. காட்டாங்குளத்தூர்ப் பக்கம் ஒரு கல்லூரியில், சான்றிதழ்ப் பிரிவில் அவருக்கு வேலை. குரோம்பேட்டையில் மின்ரயில் ஏறிப் போய், நாள் முழுக்கப் பிறத்தியார் வாங்கிய பட்டங்களைப் பற்றி இங்கிலீஷில் கடிதம் எழுதிவிட்டு வருவார். எந்த மாணவன் எழுதிக் கொடுத்தாலும் அதில் 'பேச்சலர்ஸ் ஆஃப் இன்ஜினியரிங்' என்றுதான் இருக்குமாம். "ஒருத்தன் வாங்குற பட்டத்துல எதுக்குடா இத்தனை பேச்சலர்?" என்று கேட்டுத் திருப்பி அனுப்புவார். ஆனால் 'பேச்சலர்ஸ் டிகிரி' என்று சொல்லும்போது அந்த எஸ் வர வேண்டும். அதற்கு முன்னால் மேலே அபாஸ்ட்ரஃபி என்கிற ஒரு குட்டிக் கொம்பும் வர வேண்டும். கொம்பு இல்லாவிட்டால் அண்ணனுக்குச் சோறு இறங்காது. பக்கத்து வீட்டுக்காரர் ஒருமுறை, "பையன் கிராஜுவேஷன் பண்ணிட்டிருக்கான்" என்று சொன்னதற்கு, "பண்றதுக்கு அது என்ன சார் உப்புமாவா?" என்று கேட்டு வைத்தார். அந்தப் பையன் கல்யாணத்துக்கு எங்களுக்குப் பத்திரிகை வரவில்லை.

அஸ்தினாபுரத்தில் எங்கள் தெருவில் அண்ணனைக் கண்டால் வாய் தானாக மூடிக்கொள்ளும். எதற்கு வம்பு என்று மரியாதையாக "சார்" போட்டுவிட்டு நகர்ந்துவிடுவார்கள். யாராவது கல்லூரி விண்ணப்பத்தைத் திருத்தக் கொடுத்தால் மட்டும் வாசல் வரை வருவார்கள். உள்ளே வந்து உட்கார மாட்டார்கள். அவர் பின்னால், "அவரே பேச்சலர், அவருக்கு எங்கேருந்து மாஸ்டர்ஸ் டிகிரி?" என்று ஒரு கேலி ஓடியது. அது அவர் காதுக்கும் வந்துவிட்டது. "வாக்கியம் சரியாத்தான் இருக்கு" என்றார். நான்தான் அன்று சாப்பிடவில்லை.

அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போன பிறகு அந்த வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். என்னைவிட நன்றாக மூத்தவர். என் கல்லூரிப் படிப்பு முழுக்க அவர் பொறுப்பில்தான் நடந்தது. அமெரிக்காவில் முதுகலைப் படிப்புக்கு நான் எழுதிய கட்டுரையில், 'என் கிராஜுவேஷனை கம்ப்ளீட் பண்ணினேன்' என்கிற பொருளில் முதல் வரி. அதை அடித்துவிட்டு, 'ஐ கிராஜுவேட்டட் ஃப்ரம்' என்று ஆரம்பித்துக் கொடுத்தார். அந்த ஃப்ரம் முக்கியமாம். விமான நிலையத்தில் எல்லார் வீட்டிலும் அழுதுகொண்டிருந்தார்கள். அண்ணன் என் பையின் ஜிப்பைச் சரிபார்த்துவிட்டு, "ரெண்டு வருஷம். முடிச்சிட்டு வந்துடும்மா" என்றார். அவ்வளவுதான் அவர் என்னிடம் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை தோறும் பேசுவோம். இரண்டாவது வருஷம் ஒரு பேராசிரியர், முனைவர் பட்டத்துக்கு அங்கேயே தங்கிவிடேன் என்றார். பேச்சுவாக்கில் அண்ணனிடம் அதைச் சொன்னேன். "அப்படியா" என்றார், வேறு பேச்சுக்குப் போய்விட்டார். தங்கும் எண்ணம் எனக்குத் துளியும் இல்லை. வீடு வந்து சேர்ந்தால் போதும் என்றுதான் இருந்தது. படிப்பு முடியும் சமயம் அவருக்கு வாட்ஸாப்பில் எழுதினேன்: "அண்ணா, மே மாசம் எனக்கு கமென்ஸ்மென்ட். லிங்க் அனுப்பியிருக்கேன். அவசியம் பாருங்க." அங்கே பட்டமளிப்பு விழாவுக்கு அதுதான் பெயர், என் நாக்குக்கும் அது பழகிவிட்டிருந்தது. அண்ணனிடமிருந்து ஒரே வார்த்தை வந்தது. "நோட்டட்." ஆபீஸ் பழக்கம் என்று சிரித்துக்கொண்டேன்.

விழா அன்று அங்கே காலை, இங்கே சாயங்காலம். ஒவ்வொரு பேரைக் கூப்பிடும்போதும் அந்தக் குடும்பம் கூச்சல் போட்டுக் கைதட்டியது. என் பேரைத் தப்புத் தப்பாகக் கூப்பிட்டார்கள். கைதட்ட யாரும் இல்லை. கேமரா எந்தத் தூணில் இருக்கிறது என்று முன்னாடியே பார்த்து வைத்திருந்தேன். அங்கியும் தொப்பியுமாக அந்தத் தூணைப் பார்த்துக் கையை ஆட்டினேன். பக்கத்தில் நின்ற பெண், யாருக்கு என்று கேட்டாள். என் அண்ணனுக்கு என்றேன். அறைக்கு வந்ததும் ஓடிப்போய் போன் செய்தேன். "சாப்பிட்டியா?" என்றார். "பாத்தீங்களாண்ணா?" என்று கேட்டேன். "இல்லம்மா, வெளியே போயிருந்தேன். உன் இஷ்டம் போல எல்லாம் நடந்தா சரி. நல்லா இரு" என்றார். வாழ்த்து என்று ஒரு வார்த்தை இல்லை.

எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. அழுகையும் வந்தது. என்னைப் பார்க்க வேண்டும் என்கிற ஆசைகூட இல்லாத மனிதருக்காக எதற்கு மூட்டை கட்ட வேண்டும்? அந்த வாரமே பேராசிரியரிடம் சரி என்று சொல்லிவிட்டேன். அண்ணனுக்குச் சொன்னபோது, "தெரியும்மா" என்றார். எப்படித் தெரியும் என்று கேட்கத் தோன்றவில்லை. அதன்பிறகு எங்கள் ஞாயிற்றுக்கிழமைப் பேச்சு, தண்ணி லாரி வந்ததா, அங்கே குளிரா என்கிற அளவில் நின்றுவிட்டது. ஒருவர் அங்கே தனியாகவும் ஒருவர் இங்கே தனியாகவும் சமைத்துச் சாப்பிட்டோம். முனைவர் பட்டம் வாங்கியபோது நான் விழாவுக்கே போகவில்லை. பார்க்க ஆளில்லாத மேடையில் இரண்டாம் தடவை ஏற எனக்குத் தெம்பில்லை.

பிறகு ஊர் திரும்பி, ஜி.எஸ்.டி. சாலையில் ஒரு கல்லூரியில் வேலைக்குச் சேர்ந்து, பழையபடி அதே வீட்டில் அண்ணனோடு இருந்தேன். அவர் ஓய்வு பெற்றிருந்தார். ஒருநாள் எங்கள் கல்லூரிச் சுற்றறிக்கை ஒன்றை எடுத்துப் படித்துக்கொண்டிருந்தவர், தலைப்பைத் தொட்டுக் காட்டினார். 'கமென்ஸ்மென்ட் ஆஃப் கிளாசஸ்.' வகுப்புகள் தொடங்கும் தேதி.

"இந்தத் தலைப்பை வருஷா வருஷம் நான்தான் எழுதுவேன்" என்றார். "அதான் அன்னிக்கு நீ கமென்ஸ்மென்ட்னு அனுப்பினப்பவே புரிஞ்சுபோச்சு. அடுத்த படிப்பை ஆரம்பிக்கப்போற, இனிமே வரமாட்டேன்னு. அதைப் போய் என்னத்தப் பாக்கறதுன்னு லிங்க்கைத் திறக்கவே இல்ல. வீட்ல இருக்க முடியல. பல்லாவரம் வரைக்கும் நடந்தே போயிட்டு வந்தேன்." பிறகு, "அது போவட்டும். அங்க போய் மொதல்ல மாஸ்டர்ஸ் வாங்கினியே, அந்த கான்வகேஷன் எப்பன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல? பாத்திருப்பேனே" என்றார்.

சின்ன வயசில் அண்ணனை ஒரே ஒரு தப்பிலாவது பிடித்துவிட வேண்டும் என்று அகராதியோடு மல்லுக்கு நின்றவள் நான். பிடிபட்டதே இல்லை. இப்போது அவராகவே வந்து கையில் விழுந்தார். அந்த ஊரில் பட்டமளிப்பு விழாவுக்கே அதுதாண்ணா பேர் என்று சொல்லியிருந்தால் போதும். வாய் வரை வந்தது. ஒரு வார்த்தைதான் அவரை அந்த விழாவைப் பார்க்கவிடாமல் செய்தது, என்னை இங்கே வரவிடாமல் செய்தது என்று தெரிந்தால் இந்த மனிதர் அப்புறம் எப்படித் தூங்குவார்? வார்த்தை சரியாக இருக்க வேண்டும் என்பதற்காகக் கல்யாணத்தையும் அக்கம்பக்கத்தையும் விட்டவர். அவருக்கு மிச்சமிருந்தது அந்த இங்கிலீஷ் ஒன்றுதான்.

"மறந்துட்டேண்ணா" என்றேன்.

"அதுகூடவா மறக்கும்?"

"மறந்துட்டேன்."

"சரி, விடு" என்று சுற்றறிக்கையை மடித்து வைத்தார். காபி போடட்டுமா என்று கேட்டுக்கொண்டே எழுந்து போனார்.

போன வருஷம் அண்ணன் போய்விட்டார். நான் தனியாக இருக்கிறேன் என்று கீழ்வீட்டு அக்கா அவ்வப்போது ஏதாவது எடுத்துக்கொண்டு மேலே வருவார். போன வாரம் தோசைமாவு கொண்டுவந்தவர், போகிற சமயத்தில் வாசற்படியில் நின்றார். "ஒண்ணு கேட்டா கோச்சுக்காத. உங்கண்ணனுக்கு உம்மேல உசுரு. கடைசி வரைக்கும் ஒரே குறைதான் அவருக்கு. நீ பட்டம் வாங்குறதப் பாக்கணும்னு அவ்ளோ ஆசையா இருந்தாராம். நீ சொல்லவே இல்லயாமே. ஏம்மா அப்படிப் பண்ணே?"

இனி அண்ணனுக்கு வலிக்காது. சொல்லியிருக்கலாம். ஆனால் இந்தத் தெருவில் யாரும் அண்ணனின் இங்கிலீஷில் ஒரு தப்புச் சொன்னதில்லை. முதல் ஆளாக நான் சொல்வதாவது?

"மறந்துட்டேங்க்கா" என்றேன். அக்கா என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுப் படியிறங்கிப் போனார்.