மாட்டுக்காரர் நின்ற பிணை

‘நீதவான்’ என்ற சொல் காதில் விழுந்தாலே அவர் தோள்துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொள்வார். மனு எழுதுவிக்க வந்து, என் வீட்டு விறாந்தையிலும் அப்படித்தான் நின்றார்.

அவர் ஸ்கந்தபுரத்தில் வயல் செய்யும் கமக்காரர், மலையகத்திலிருந்து வந்தவர். மாடு திருடியதாக அவர்மேல் வழக்கு. பிணையில் விட்ட நீதிமன்றம் கடவுச்சீட்டை வாங்கி வைத்திருந்தது. இந்தியாவில் அக்காள் மகளுக்குக் கல்யாணம். தாய்மாமன் இவர் ஒருவர்தான்.

“திருடலைங்க ஐயா. அதுதான் என் பின்னால வந்துச்சு.”

“அதை வழக்கு விசாரணையில சொல்லுங்கோ. வழக்கு முடியாட்டியும் போகலாம். நான் மனு எழுதித்தாறன். நீங்கள் திரும்பி வருவியளெண்டு பிணை நிக்க அக்கறையுள்ள ஓராளைக் கொண்டுவாங்கோ.”

மறுநாள் அவர் கூட்டிவந்தது மாட்டுக்காரரை. மாட்டைப் பறிகொடுத்து வழக்குப் போட்டவரே அவர்தான்.

“ஓம், நான் நிக்கிறன்,” என்றார் மாட்டுக்காரர். “இந்தாள் வராட்டி நான் ஆரோட வழக்காடுறது?”

அதைவிட அக்கறையை நான் அரசாங்கக் கச்சேரியில் எழுதுவினைஞனாக இருந்த காலத்திலும் கண்டதில்லை. நீதவான் ஒரு மாதத்துக்குக் கடவுச்சீட்டை விடுவித்தார்.

அவர் கல்யாணத்துக்குப் போய்த் திரும்பியபின், அடுத்த வழக்குத் தவணையன்று இருவரும் ஒரே சைக்கிளில் நீதிமன்றம் போனார்கள். மாட்டுக்காரர் மிதிக்க, இவர் பின்னால் பலகாரப் பெட்டியோடு இருந்தார்.

“என்ன, சமாதானமோ?” என்று கேட்டேன்.

“லட்டு நல்லம் ஐயா. வழக்கு நடக்கும்!” என்றார் மாட்டுக்காரர்.

பிணைப் படிவத்தில் ‘உறவுமுறை’ என்றொரு கூடு உண்டு. மாட்டுக்காரர் பிணை நின்ற அன்று அதை வெறுமையாக விட்டேன். அதில் என்ன எழுதியிருக்க வேண்டுமென்று இன்றும் தெரியவில்லை.