மீன்கத்தியும் கிற்றாரும்

இழுத்துக் கட்டிய கிற்றார்க் கம்பிகள் கத்தியில் அறும்போது ஒலிபெருக்கி அலறும் அலறலை, பத்து வயதில், ஒஸ்லோவின் அம்மருட்டில் எங்கள் ஒன்பதாம் மாடி வீட்டில் கேட்டேன். அது இன்னும் என் காதைவிட்டுப் போகவில்லை.

இரண்டாயிரத்தின் தொடக்க ஆண்டுகள் அவை. பதினாறு வயது அண்ணாவுக்கு இங்கிலாந்துக் கிற்றார்க்காரர் ஒருவர்மேல் பைத்தியம். பெயர் சொல்லமாட்டான், 'கிழவன்' என்பான். கிழவன் இளமையில் புளூஸ் ராக் குழுவோடு மதுக்கடைகளில் வாசித்தது, எறிந்த போத்தலில் நெற்றி பிளந்தும் பாட்டை நிறுத்தாதது, குழு அடிதடியில் உடைந்தபின் மேடையை உதறிவிட்டுத் திரைப்படங்களுக்குப் பின்னணி இசை அமைக்கப் போனது எல்லாம் எனக்கு மனப்பாடம். "இப்ப அவன் ஒரு கம்பியைத்தான் தட்டுறான், பாக்கிற சனம் அழுகுது" என்பான் அண்ணா.

அப்பா வடநோர்வேயில் பாட்ஸ்பியோர்ட் மீன் தொழிற்சாலையில் எட்டு வருடம் மீன் சீவியவர். ஒஸ்லோவுக்கு வரும்போது அந்த மெல்லிய கத்தியையும் கொண்டுவந்திருந்தார். அவருடைய ஒரே ஆசை அண்ணாவின் மிருதங்க அரங்கேற்றம். மண்டபம் எடுத்து, லண்டன், கனடாச் சொந்தங்களுக்கெல்லாம் அழைப்பிதழும் போய்விட்ட பிறகு, ஒரு சனிக்கிழமை மத்தியானம் அண்ணா சொன்னான்: "நான் மேடை ஏறமாட்டன் அப்பா. எனக்குக் கிற்றார்தான் வேணும்."

"சனத்துக்கு என்ன முகத்தைக் காட்டுறது?" என்று அப்பா அறைந்த அறையில் அண்ணா சுவரோடு போய் மோதினான். எழுந்தான், வாயில் இரத்தத்தோடு கிற்றாரை மாட்டி, சத்தத்தைக் கூட்டினான். அப்பா குசினிக்குள் போய்க் கத்தியோடு வந்தார். மீனைச் சீவுகிற அதே பழக்கத்தில், அடியிலிருந்து தலைப்பக்கமாக ஒரே இழுப்பு. கம்பிகளைக் காப்பாற்ற அண்ணா இடது கையைக் குறுக்கே வைத்தான். கம்பிகளோடு அவனுடைய இரண்டு விரல்களின் நரம்பும் போனது.

பிள்ளைக்கு அடித்தது தெரிந்தால் நோர்வேயின் சிறுவர் நலத்துறையினர் பிள்ளைகளைக் கொண்டுபோய்விடுவார்கள் என்று எங்கள் வீடுகள் நடுங்கிய காலம் அது. காரில் அம்மா அழுதுகொண்டே, "மீன் வெட்டேக்கை பட்டதெண்டு சொல்லுங்கோ" என்றா. மருத்துவமனையில் அண்ணா அப்படியே சொன்னான். தாதி என்னிடம் திரும்பி, நீயும் பார்த்தாயா என்று கேட்டா. "யா" என்றேன், நோர்வேஜிய மொழியில் ஓம் என்று. பெடியனுக்குக் கையில் வெட்டு என்று அரங்கேற்றமும் நின்றது. அப்பாவின் முகம் தப்பியது, அண்ணாவின் விரல்கள் மடங்கவேயில்லை. அந்த ஒரு சொல்லுக்காக என்னை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை.

கத்தியை அம்மா எறிந்துவிட்டா, கிற்றாரும் குப்பைக்குப் போய்விட்டது. கிழவனைப் பற்றி அண்ணா பிறகு கதைத்ததேயில்லை. போன மாதம் அப்பாவும் அண்ணாவும் நானும் தொலைக்காட்சியில் ஒரு படம் பார்த்துக்கொண்டிருந்தோம். இடையில் பின்னணி இசையாகக் கிற்றாரின் ஒற்றைக் கம்பி மெல்ல அதிர்ந்தது. அப்பா கண்ணைத் துடைத்தார்.

"ஆர், பிள்ளை, இதை வாசிக்கிறது? நெஞ்சைப் பிடிச்சு இழுக்குது."

இந்தமுறை நான் பொய் சொல்லவில்லை. "அண்ணாவைக் கேளுங்கோ, அப்பா."

அப்பா திரும்பி அவனுடைய கையைப் பார்த்தார். அண்ணா, இரண்டு விரல்கள் விறைத்து நிற்க, அந்தக் கையாலேயே ரிமோட்டை எடுத்து, சத்தத்தைக் கூட்டினான்.