இடைவேளை விட்ட இத்தாலிப் படம்

என் அப்பா திருவண்ணாமலையில் ஒரு தியேட்டரில் ஆபரேட்டராக இருந்தார். எவ்வளவு பெரிய நடிகரின் படமானாலும் தன் கை பட்டால்தான் அது ஓடும் என்ற கர்வம் அவருக்கு உண்டு. செங்கம் ரோட்டில் எங்கள் வீட்டு மாடியில் குடியிருந்த இத்தாலிக்காரரும் சினிமாக்காரர்தான் என்று தெரிந்ததிலிருந்து, அவரையும் தன் தொழிலாளர் சங்கத்தில் சேர்த்துக்கொண்டுவிட்டார்.

இத்தாலிக்காரருக்கு எண்பது தாண்டியிருந்தது. நாங்கள் சாமி என்று கூப்பிடுவோம். எங்கள் ஊரில் வெள்ளைக்காரர்கள் எல்லோரும் சாமிதான். உலகப்போர் சமயத்தில் சாமி பிறர் படங்களுக்குக் கதை வசனம் எழுதினாராம். எழுதியதில் பாதியை அதிகாரிகள் அடித்துவிடுவார்களாம். ஃபிலிமுக்கே பஞ்சமான அந்த நாளில் கெஞ்சிக் கூத்தாடி ஒரே ஒரு படம் டைரக்ட் செய்தார். தியேட்டரில் முதல் காட்சி பாதி ஓடும்போது, குண்டு போட விமானம் வருகிறதென்று அபாயச் சங்கு ஊதியது. ஜனங்கள் ஓடினார்கள், ஒருவரும் திரும்பவில்லை. படமும் தொலைந்துபோனது.

அது இத்தனை காலம் கழித்து ஏதோ கிடங்கில் அகப்பட, சாமியின் தங்கை மகள் புதுப் பிரதி போட்டுப் பெட்டிகளோடு வந்து இறங்கினாள்.

"கூட்டத்தோட ஒரு தடவ முழுசா பாத்துட்டா போதும்னு சொல்றாராம்," என்று அப்பா அம்மாவிடம் சொன்னார். ஒன்பது வயதுக்காரியான எனக்கு அதில் விளங்கியது, ஓசியில் படம் என்பது மட்டும்.

முதலாளி ஒரு ஞாயிறு காலை தியேட்டரைக் கொடுத்தார். அம்மா ஊரையே அழைத்துவிட்டாள். பூக்காரம்மாக்கள், ஆட்டோக்காரர்கள், அடி அண்ணாமலையிலிருந்து ஒரு வேன் நிறையச் சித்தி வீட்டார். படத்தில் ஒரு ரொட்டிக்கடைக்காரி தொந்தி பெருத்த போலீஸ்காரனை ஏமாற்றிக்கொண்டே இருந்தாள். அதற்கு பாஷை எதற்கு? விசில் பறந்தது.

அவன் அவளைத் துரத்திப் பிடிக்கப்போன நேரத்தில் பெல் அடித்து விளக்கு எரிந்தது. அப்பா யாரையும் கேட்காமல் இடைவேளை விட்டுவிட்டார். இடைவேளை இல்லாத படத்தை அவர் ஜன்மத்தில் ஓட்டியதில்லை. "இன்டர்வல் விடலன்னா ஜனங்க எப்ப டீ குடிப்பாங்க?" என்று பிறகு நியாயம் வேறு பேசினார்.

ஒரு நிமிடத்தில் தியேட்டர் காலி. சாமி எழுந்து நின்று நாற்காலிகளைப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது.

"வாங்க சாமி, போண்டா தீந்துடும்," என்று கையைப் பிடித்து இழுத்தேன். வாசல்வரைதான் வந்தார்.

மறுபடி பெல் அடித்தது. சுடச்சுட போண்டாவை ஊதிக்கொண்டு எல்லோரும் ஓடிவந்தார்கள். "இது என் எடம், எழுந்திரு," என்று சித்தப்பா யாரோடோ சண்டைக்கு நின்றார். சாமி வாசலிலேயே நின்று, உள்ளே வந்த ஒவ்வொருவர் கையையும் பிடித்துக் கும்பிட்டார். கண்ணிலிருந்து தாரை தாரையாக வழிந்தது.

போலீஸ்காரன் மாவுத் தொட்டியில் விழுந்தபோது தியேட்டர் அதிர்ந்தது. கடைசியில் ஒன்ஸ்மோர் கேட்டார்கள். பூக்காரம்மா ஒருத்தி சாமந்தி மாலை போட, ஆட்டோக்காரர்கள் அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு தெருவுக்கு வந்தார்கள். அப்படி ஒரு சிரிப்பை அவர் முகத்தில் நாங்கள் பார்த்ததே இல்லை.

வீட்டுக்கு நடக்கும்போது அம்மாவிடம் கேட்டேன். "இன்டர்வல் முடிஞ்சா எல்லாரும் உள்ள வரத்தானம்மா செய்வாங்க? அதுக்குப் போயி ஏன் அழுதாரு?"