இடிப்பவரும் இடிக்க விடாதவரும்

எங்கள் கீழ்வீட்டில் இருக்கும் கட்டட வடிவமைப்பாளரைக் கொத்தனார்கள் எல்லாரும் ‘காத்தக்கா’ என்றுதான் கூப்பிடுவார்கள். எந்த மனைக்குப் போனாலும் நடுவில் நின்று துப்பட்டா நுனியை உயர்த்திப் பிடித்து, காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று பார்ப்பார். மனைக்காரர் பளிங்குத் தரை, தொங்கும் விளக்கு என்று அடுக்கிக்கொண்டே போவார். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “சரி, ஜன்னல் எங்க வெக்கலாம்?” என்பார் அக்கா.

படித்து முடித்ததும் ஒரு பெரிய நிறுவனத்தில் சேர்ந்தார். அங்கே அவர் வரைந்த முதல் அலுவலகக் கட்டடம் முழுக்கக் கண்ணாடி. திறந்து சில மாதம் கழித்து ஏதோ வேலையாக உள்ளே போனவருக்குத் தூக்கிவாரிப் போட்டது. வெயில் தாங்காமல் திரைகளை எல்லாம் இழுத்து மூடிவிட்டு, பட்டப்பகலில் விளக்கைப் போட்டுக்கொண்டு வேலை பார்த்தார்கள். ஒரு பெண் தன் பக்கத்துக் கண்ணாடியில் செய்தித்தாளையே ஒட்டிவிட்டாள். அக்கா முதலாளியிடம் போய், “சார், இதுக்கு நாம சுவரே வெச்சிருக்கலாமே” என்றார். “சுவரை யாரும்மா போட்டோ எடுப்பாங்க?” என்று அவர் சிரித்தார். அக்காவுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஆனால் அடுத்த மாதமே வேலையை விட்டுவிட்டார்.

தனியாகக் கிடைத்த முதல் வேலை ஒரு குழந்தை டாக்டரின் கிளினிக். டாக்டரம்மாவால் அதிகம் செலவழிக்க முடியாது. பழைய ஜன்னல்கள் கிடைக்குமா என்று தேடிக்கொண்டு அக்கா ஒரு கிடங்குக்குப் போனார். அதன் சொந்தக்காரர் பழைய கட்டடங்களை இடிக்கும் கான்ட்ராக்டர். ஆளும் வாட்டசாட்டம், குரலும் வாட்டசாட்டம். நல்ல வேலைப்பாடு உள்ள ஜன்னல் ஒன்று இரண்டாகப் பிளந்து கிடந்தது. அக்கா குனிந்து இரண்டு துண்டையும் சேர்த்துவைத்துப் பார்த்தார்.

“இதைக் கொஞ்சம் பாத்து எடுத்திருக்கக் கூடாதா?”

“இடிக்கிறதுல பாக்க என்னம்மா இருக்கு? விழணும், அவ்வளவுதான்.”

“நாளைக்கு எந்தக் கட்டடம்? நானும் வரேன்.”

சொன்னபடியே மறுநாள் போய் நின்றார். கதவு நிலையை முதலில் கழற்றுங்கள், அப்புறம் சுவரைத் தொடுங்கள் என்று ஆட்களைப் பிடித்து உலுக்கி எடுத்துவிட்டார். “இந்தம்மா இடிக்க வந்திருக்காங்களா, ஆபரேஷன் பண்ண வந்திருக்காங்களா?” என்று அலுத்துக்கொண்டார் இடிப்புக்காரர். ஆனாலும் செய்தார். சாயங்காலம் ஜன்னலும் கதவும் செங்கல்லும் முழுசு முழுசாக லாரியில் ஏறின.

கிளினிக்கில் ஒரு ஜன்னல் மாதிரி இன்னொன்று இல்லை. ஒன்று பச்சை, ஒன்று நீலம், ஒன்று வட்டமாக. ஆனால் எல்லாம் காற்று வரும் திசை பார்த்து எதிரெதிரே. “கிளினிக்கா, ஜன்னல் சந்தையா?” என்று டாக்டரம்மா முகத்தைச் சுளித்தார். முதல் கோடையில் நாள் முழுக்க மின்சாரம் போனபோது அக்கம்பக்கத்துக் கடைக்காரர்கள் வந்து அவருடைய பெஞ்சுகளில் உட்கார்ந்துகொண்டார்கள். “உடம்புக்கு என்ன?” என்று கேட்டால், “ஒண்ணுமில்ல டாக்டர், சும்மா காத்து வாங்க வந்தோம்” என்றார்களாம். அதற்கப்புறம் யார் வீடு கட்டப் போவதாகச் சொன்னாலும் டாக்டரம்மாவே அக்காவிடம் அனுப்பிவைத்தார்.

ஜன்னலுக்காகக் கிடங்குக்குப் போய்வந்ததில் அக்காவுக்கும் இடிப்புக்காரருக்கும் ஒருவரை ஒருவர் பிடித்துப்போயிற்று. அக்காவின் அம்மாவுக்குத்தான் ஜீரணமாகவில்லை.

“நீ கட்டுற. அவரு என்ன பண்றாரு?”

“இடிக்கிறாரும்மா.”

“ரொம்ப நல்லா விளங்கும்!”

ஆனால் இடிப்புக்காரர் பெண் கேட்டு வந்து பேச ஆரம்பித்த கொஞ்ச நேரத்தில், அந்த அம்மா சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாராம். கல்யாணமும் நடந்துவிட்டது.

அக்கா தொட்டதெல்லாம் பொன்னாகிவிட்டது என்று சொல்ல மாட்டேன். தன் அண்ணனுக்கு மண்சுவர் வீடு ஒன்று கட்டிக் கொடுத்தார். கூரையை வெளியே இன்னும் நீட்டியிருக்க வேண்டும். பார்க்க அழகாக இருக்கட்டும் என்று குறைத்துவிட்டார். முதல் பெருமழையில் ஒரு மூலை கரைந்து சரிந்தது. அண்ணி போன் பண்ணினார். “உன் சுவரு என் சமையலறைக்குள்ள வந்து உக்காந்திருக்கு. வந்து என்ன வேணும்னு கேளு!” அக்கா ஓடிப்போய்த் தானே மண் குழைத்துச் சுவரை எழுப்பினார். கூரையையும் நீட்டினார்.

நான் மாடியில் குடிவந்த வருஷம்தான் அந்தப் பள்ளிக்கூட விவகாரம் நடந்தது. பழைய கட்டடத்தை இடித்துவிட்டு நாலு மாடி கட்டுவது என்று நிர்வாகம் முடிவு செய்தது. இடிக்கும் வேலை இடிப்புக்காரருக்கு. புதுக் கட்டடத்துக்கு வரைபடம் போடும் வேலை அக்காவுக்கு. ஒரே வீட்டுக்கு இரண்டு பெரிய வேலை! இடிப்புக்காரருக்குத் தலைகால் புரியவில்லை.

அக்கா அளவெடுக்கப் போனார். சுவரைத் தட்டிப் பார்த்தார். கல் மாதிரி இருந்தது. எப்போதோ இடம் போதாமல் வராந்தாவை அடைத்திருந்தார்கள். உயரத்தில் இருந்த ஜன்னல்களை மறைத்துப் பொய்க்கூரை போட்டிருந்தார்கள். புழுக்கமும் இருட்டும் அதனால்தான். அன்று சாயங்காலம் கீழே குரல் எழும்பியது. இடிப்புக்காரர் குரல் மாடிக்கு என்ன, தெருமுனைக்கே கேட்கும்.

“இடிக்க வேண்டாம்னு சொல்லப் போறியா? என் வேலையும் போகும், உன் வேலையும் போகும்!”

“நல்லா நிக்கிற கட்டடத்தை எப்படிங்க இடிக்கச் சொல்றது?”

“கட்டின புருஷன் வயித்துலயே அடிக்கிறியே!”

“உங்க வயித்துல அடிச்சா என் கைதான் வலிக்கும்.”

அடுத்த ஒரு வாரமும் அந்த மனிதர் அக்காவை ஏற்றிக்கொள்ளாமல் தனியாகவே ஸ்கூட்டரில் கிளம்பிப் போனார்.

இடிக்க வேண்டாம் என்று அக்கா போய்ச் சொன்னதும் பள்ளிக்கூடத்தில், “புதுசு கேட்டா பழசையே தர்றீங்களேம்மா” என்றார்கள். “ஒரே ஒரு வகுப்பைச் சரிபண்ணிக் காட்டுறேன். அப்புறம் முடிவு பண்ணுங்க” என்றார் அக்கா. வேலை தொடங்கும் நாளில் பார்த்தால், இடிப்புக்காரர் தன் ஆட்களோடு வாசலில் நிற்கிறார். அக்கா அவரைக் கூப்பிடவே இல்லை.

“வராந்தா அடைப்பை எவனாவது கண்டபடி உடைச்சா மெயின் சுவரு ஆடிடும். தள்ளு, நான் பாத்துக்கிறேன்.”

அடைப்பைச் செங்கல் செங்கலாகப் பிரித்தார். பொய்க்கூரை இறங்கியதும் அதன்மேல் வருஷக்கணக்காகச் சிக்கிக் கிடந்த பந்துகளும் காகித ராக்கெட்டுகளும் பொலபொலவென்று கொட்டின. பிள்ளைகள் ஓவென்று கத்தினார்கள். மேல் ஜன்னல்களைத் துடைத்துத் திறந்ததும் வகுப்பு முழுக்க வெளிச்சம். தலைமையாசிரியை அண்ணாந்து பார்த்தபடியே நின்றார். “இத்தனை வருஷமா இங்கதான் பாடம் நடத்துறேன். மேல ஜன்னல் இருக்குன்னே தெரியாதே!”

பக்கத்து வகுப்புப் பிள்ளைகள் இந்த அறையை விட்டுப் போக மாட்டோம் என்று அடம்பிடித்தார்கள். கட்டடம் பிழைத்தது. கூரை ஓடுகளை மாற்றினார்கள். கூடுதல் வகுப்புகளுக்கு, பிரித்தெடுத்த செங்கல்லையும் சேர்த்து, ஓரமாகத் தாழ்வான ஒரு வரிசை எழும்பியது. நாலு மாடிக்கு அவசியமே வரவில்லை. இடிப்புக்காரர் கொஞ்ச நாளில் தன் பெயர்ப்பலகையை மாற்றினார்: ‘கட்டடங்கள் சேதமில்லாமல் பிரித்துத் தரப்படும்.’ இப்போது அவருக்கு முன்பைவிட வேலை அதிகம்.

அக்காவுக்கு அறுபது தாண்டிவிட்டது. ஓய்வு எடுக்கக் கூடாதா என்று போன வாரம் கேட்டேன். “மூடிக் கிடக்குற சினிமா தியேட்டர் ஒண்ணை மார்க்கெட்டா மாத்தித் தரச் சொல்றாங்க. பால்கனியை எடுக்கணும்னு இவரு சொல்றாரு, கூடாதுன்னு நான் சொல்றேன். இந்தச் சண்டை முடியட்டும், ஓய்வைப் பத்திப் பேசலாம்” என்றார்.

இன்று காலையிலும் இரண்டு பேரும் ஒரே ஸ்கூட்டரில் கிளம்பினார்கள். வண்டி திருப்பத்தில் மறைந்த பிறகும் பால்கனி பற்றி அவர் போட்ட சத்தம் மாடிவரை கேட்டுக்கொண்டே இருந்தது.